பவனியும் படச்சுருளும்
ஆரம்பகால அரசமுறைப் படங்கள் பற்றிய ஒரு நோக்கு

பண்டத்தரிப்புக்கு மிகப் பழைய படமொன்று உண்டு. 1658 இல் ஒல்லாந்தர் யாழ்ப்பாணத்தைப் போர்த்துக்கேயரிடமிருந்து கைப்பற்றியபோது அவர்தம் படையுடன் வந்தவர் பிலிப்பஸ் பல்தேயஸ் என்னும் மதகுரு. குடாநாட்டின் கோயிற்பற்றுகளைச் சுற்றிப் பார்த்து அவர் எழுதிய நூல் 1672 இல் அம்ஸ்ரடாமில் அச்சேறியது. தெல்லிப்பழை, மல்லாகம், உடுவில், வட்டுக்கோட்டை முதலிய ஊர்களின் தேவாலயங்களோடு பண்டத்தரிப்புத் தேவாலயமும் அந்நூலிற் செதுக்கோவியமாக இடம்பெற்றுள்ளது. படையொடு வந்தவர் தாம் கைக்கொண்ட நாட்டின் உருவத்தைத் தம் நாட்டாருக்குக் காட்டிய செயல் அது. அந்நூலை விரித்துப் பார்த்தவர் ஒல்லாந்து நாட்டு வாசகரேயன்றிப் பண்டத்தரிப்புக் குடியானவர் அல்லர்.

ஆள்வோர் தம் ஆட்சியைப் படமாக்கும் வழக்கம், ஆகவே, சினிமாவோடு பிறந்ததொன்றன்று. எனினும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் அசையும் படம் தோன்றியதும் இவ்வழக்கத்தில் இரு மாற்றங்கள் நேர்ந்தன. ஒன்று, அரசரின் பவனியும் படைகளின் அணிவகுப்பும் கமராவுக்கென்றே ஒழுங்கு செய்யப்படலாயின. மற்றையது, ஆளப்பட்டோரும் அப்படங்களின் முன் அமர்த்தப்பட்டனர். இவ்விரண்டாவது மாற்றத்துக்கு இலங்கையின் முதற் படக்காட்சியே தக்க சான்றாகும்.

இலங்கையில் முதன்முதலாக அசையும் படம் காட்டப்பட்டது 1901 இல் என்று எழுதப்பட்டு வருகிறது. காட்சியைக் கண்டோர் அக்காலத் தேசாதிபதி சேர் வெஸ்ற் றிட்ஜ்வேயும், தென்னாபிரிக்காவிலிருந்து கொண்டுவரப்பட்டிருந்த போயர் போர்க் கைதிகளுமாவர். 1900 ஆம் ஆண்டிலிருந்து தியத்தலாவையில் ஏறத்தாழ 5,000 போயர் கைதிகள் முள்வேலிக்குள் வைக்கப்பட்டிருந்தமை யாவரும் அறிந்ததே. காட்டப்பட்டவையாகக் கூறப்படுவன மூன்று: போயர் போரிற் பிரித்தானியர் பெற்ற வெற்றி, விக்டோரியா மகாராணியின் இறுதி ஊர்வலம், ஏழாம் எட்வேட் மன்னரின் முடிசூட்டு விழா. தோற்றவர்களை அமர்த்தி அவர்தம் தோல்வியையே அவர்க்குக் காட்டிய இந்நிகழ்ச்சி நம் நாட்டுச் சினிமாவின் பிறப்புப் பத்திரமாக அமைந்தது எண்ணத்தக்கது.

ஆயின் இச்செய்தியை அப்படியே ஏற்க முடியாது. விக்டோரியா இறந்தது 1901 சனவரி 22 இல். இறுதி ஊர்வலம் இலண்டனில் நடைபெற்றது பெப்ரவரி 2 இல். இது 1901 என்னும் ஆண்டுக்குப் பொருந்தும். எட்வேட் மன்னர் முடிசூடியதோ 1902 ஓகஸ்ட் 9 இல். நடவாத முடிசூட்டை 1901 இல் எவ்வாறு காட்டியிருத்தல் கூடும்? போயர் போரும் 1902 மே 31 வரை முடிந்தபாடில்லை. 1901 இல் ‘வெற்றி’ எனக் காட்டப்பட்டது 1900 யூனிற் பிரிட்டோரியா வீழ்ந்தது போன்ற இடைக்கால வெற்றியாகவே இருத்தல் வேண்டும். ஒன்றில் ஆண்டு பிழை, அன்றேல் படத்தின் பெயர் பிழை. 1902 இன் பிற்பகுதியில், கைதிகள் ஊர் திரும்பிக்கொண்டிருந்த மாதங்களில் இக்காட்சி நடந்திருப்பின் மூன்று படங்களும் பொருந்திவரும். மன்னர் பதவியேற்ற தொடக்க நாள்களில் நிகழ்ந்த வேறோர் அரச பவனியைப் பிற்காலத்தார் முடிசூட்டு என மயங்கிக் கொண்டிருத்தலும் கூடும். இவ்விரண்டில் முந்தியதே ஏற்புடையதாகத் தோன்றுகிறது. நூலுக்கு நூல் இவ்வாண்டைத் திரும்ப எழுதியோர் பலர் இம்முரண்பாட்டைக் கவனியாது விட்டமை வியப்புக்குரியது.

முடிசூட்டுப் படம் என்பதிலும் வேறொரு சிக்கல் உண்டு. வெஸ்ற்மின்ஸ்ரர் ஆலயத்தினுள் கமரா அனுமதிக்கப்படவில்லை. அங்குள்ள ஒளியும் அக்காலச் சுருளுக்குப் போதாது. ஆதலால் சாள்ஸ் ஏபன் என்னும் பட வணிகர் பிரான்சிலே ஜோர்ஜ் மெலியே என்பவரைக் கொண்டு முடிசூட்டை முன்கூட்டியே நடிப்பித்துப் படமாக்கினார். மன்னராக நடித்தவர் பாரிசு நகர்ப்புறத்துச் சலவைச்சாலை ஒன்றின் பணியாளர். ஆலயம் சீலையில் தீட்டிய திரை. யூன் 26 இல் நடைபெறவிருந்த விழா மன்னரின் சுகவீனத்தாற் பிற்போடப்பட்டு ஓகஸ்டிற் சுருக்கமாக நடந்தேறியது. மெலியேயின் படத்திலோ சுருக்கப்படாத சடங்குகள் யாவும் நிறைவாக இருந்தன. அது உண்மையான வெளிப்புறப் பவனிக் காட்சிகளோடு சேர்த்துத் திரையிடப்பட்டது. நடவாத பகுதிகளையும் படம் பிடித்த கருவியை மன்னரே வியந்து பாராட்டினார் என்றொரு கதையுண்டு. கதை மெய்யோ பொய்யோ, அக்காலத்தார் இதை மோசடியாகக் கருதவில்லை என்பது கவனிக்கத்தக்கது. போயர் போர்ப் படங்களின் நிலையும் இதுவே. ஜோசப் றொசெந்தால் போன்றோர் தென்னாபிரிக்காவுக்கே சென்று படம் பிடித்தனர். அதே காலத்தில் றொபேட் போல் இலண்டனின் புறத்தேயுள்ள திடலொன்றில் போரை நடிப்பித்தார். வட இங்கிலாந்திலும் இத்தகைய படங்கள் உருவாகின. கைதிகள் கண்டது எவ்வகையைச் சேர்ந்தது என்பதற்குச் சான்றில்லை. போரில் நின்று வந்த அவர்கட்கு நடிப்பும் மெய்யும் வேறுபட்டுத் தோன்றியிருக்கும் என ஊகிக்கலாம். அவர்களைக் கேட்டு எழுதி வைத்தார் ஒருவருமிலர்.

அரச பவனியும் படை அணிவகுப்பும் ஆரம்ப காலப் படங்களில் இத்துணை மிகுதியாக இருப்பதன் காரணம் அரச விசுவாசம் மட்டுமன்று. கருவியின் இயல்பும் அதற்கு இடங்கொடுத்தது. லூமியே சகோதரரின் கருவியிற் பொருந்திய சுருள் ஏறத்தாழ 17 மீற்றர் நீளமுடையது. ஒரு நிமிடத்தையும் நிரப்பாது. கருவி முக்காலியில் நிலையாக நிற்கும். திரும்பிப் பார்க்கும் வசதி தொடக்கத்தில் அதற்கில்லை. வெயில் வேண்டும். இத்தகைய கருவிக்கு, எவ்வழியாக எந்நேரத்தில் வரும் என முன்னரே அறிவிக்கப்பட்டுப் பகற் பொழுதில் தானாகவே முன்னால் நகர்ந்து செல்லும் ஊர்வலத்தைவிட உகந்த பொருள் வேறு யாது? குதிரைப்படை வரிசை வரிசையாகக் கடந்து செல்லச் சட்டகம் ஒரு கணமும் வெறுமையாவதில்லை. 1897 யூன் 22 இல் விக்டோரியாவின் வைரவிழாப் பவனி நடந்தபோது இலண்டன் வீதிகளிற் படக் கம்பனிகள் பல பெரும் பணம் கொடுத்து இடம் பிடித்தமையின் காரணம் இதுவே. குடியேற்ற நாடுகளிலிருந்து வரவழைக்கப்பட்ட படையினர் அதிலே திரளாக அணிவகுத்தனர். மகாராணியோ அப்படங்களில் வெண்குடையின் கீழ் ஒரு சிறு உருவமாக நொடிப்பொழுதிற் கடந்து மறைகிறார். பேரரசின் தலைவியினும் பேரரசின் படையே அப்படங்களிற் பெரிதாகத் தெரிகிறது.

கமரா இவ்வாறு விழாவைத் தேடிச் சென்றது போலவே விழாவும் கமராவுக்கு வளைந்து கொடுக்கத் தொடங்கிற்று. விக்டோரியாவின் இறுதி ஊர்வலத்தைப் படம் பிடித்த சிசில் ஹெப்வர்த் தம் நினைவுக் குறிப்பிற் கூறும் செய்தி இதனை விளக்கும். அமைதியின் நடுவே தம் கருவி எழுப்பிய பேரொலி கேட்டு அவர் நாணி நின்றாராம். அவ்வொலியால் ஈர்க்கப்பட்ட புதிய மன்னர், படம் பதிவாகும் பொருட்டு ஊர்வலத்தைச் சற்றே நிறுத்தினாராம். தாயின் பிரேதத்தின் பின்னே செல்லும் மகன் கமராவுக்காகத் தரித்து நிற்கும் அக்கணத்தில் அரசமுறைச் சடங்கின் இயல்பே மாறிவிட்டது எனலாம்.

விழாவில் ஏற்கத்தகாத ஒன்று நிகழ்ந்துவிடின் என்னாகும்? 1896 மே மாதம் மொஸ்கோவில் இரண்டாம் நிக்கலசு மன்னர் முடிசூடியபோது லூமியே கம்பனியினர் இருவர், மொய்சோன், டுப்லியே என்போர், அங்குப் படம் பிடித்தனர். டுப்லியேக்கு அப்போது வயது 18. முடிசூட்டுக்குச் சில நாள்களின் பின் ஹொடின்கா வெளியில் மக்களுக்குப் பரிசுப் பொருள்கள் வழங்கப்பட்ட வேளை நெரிசலில் ஆயிரத்து முந்நூறுக்கு மேற்பட்டோர் மாண்டனர். அந்நெரிசலையும் தாம் படம் பிடித்ததாகவும் பொலிசார் கருவியையும் சுருளையும் பறித்துக் கொண்டதாகவும் டுப்லியே பிற்காலத்திற் கூறினார். இன்று எஞ்சியுள்ள மொஸ்கோப் படத்தில் விருந்தினர் படிகளில் இறங்கி நடக்கின்றனர். வெயில் நன்றாக அடிக்கிறது. அதை மட்டும் கொண்டு வரலாறு எழுதுவோன் அம்முடிசூட்டை இனிதே நிறைவேறிய விழாவென்றே எழுதுவான்.

தடுக்க இயலாத பதிவுகளும் உண்டு. அவற்றுள் தலையாயது 1911 டிசம்பரில் நடந்த டெல்லி டர்பார்ப் படம். இந்தியப் பேரரசராகப் பிரகடனஞ் செய்யப்பெற்ற ஐந்தாம் ஜோர்ஜ் மன்னரின் முன்னிலையிற் சுதேச மன்னர் ஒவ்வொருவரும் வணங்கி, முதுகு காட்டாது பின்னடி வைத்து விலகுதல் முறை. டிசம்பர் 12 ஆம் நாள் பரோடா மன்னர் சாயாஜிராவ் கேக்வாட் ஒருமுறை மட்டும் தலை தாழ்த்தி, திரும்பி நடந்து சென்றார். அவமதிப்பா, மறதியா, பதற்றமா? அவர் மன்னிப்புக் கேட்டு எழுதினார். எழுத்து வேறு, படம் வேறு. பல கம்பனிகளின் கமராக்கள் அங்கிருந்தமையால் அவ்வணக்கம் சுருளிற் பதிந்துவிட்டது. சில வாரங்களில் இலண்டன் அரங்குகளிற் பொதுமக்கள் அதனைக் கண்டு, அது அவமதிப்பா அன்றா எனத் தாமே தீர்ப்புச் சொல்ல முற்பட்டனர். அரசவைச் சடங்கொன்றின் பொருளைப் பார்வையாளர் கூட்டம் திரை முன் இருந்து விவாதித்தமை அதற்கு முன் நிகழாதது. பேரரசின் பெருமையைக் காட்டக் கொண்டுபோன கருவியே அதன் கீறலையும் பதிவு செய்து கொடுத்தது.

அந்த டர்பாரை வண்ணத்திற் பிடித்தவர் மேற்கூறிய சாள்ஸ் ஏபனே. சிவப்பு, பச்சை என்னும் இரு கண்ணாடிகள் சுருளின் முன் மாறி மாறிச் சுழல, சாதாரண வேகத்தின் இருமடங்கில் ஓடும் ‘கினமாகலர்’ முறை அது. 1912 பெப்ரவரி 2 இல் இலண்டன் ஸ்காலா அரங்கில், தாஜ்மகாலைப் போல ஒப்பனை செய்த மேடையில், வாத்தியக் குழுவும் பாடகரும் சூழ இரண்டரை மணி நேரம் ஓடிய அப்படத்தின் பெரும் பகுதி பின்னர் அழிந்து போயிற்று. 2000 ஆம் ஆண்டில் இரசியாவின் கிராஸ்னகோர்ஸ்க் சுவடிக்கூடத்தில் அதன் ஒரு சுருள் கண்டெடுக்கப்பட்டது. அதில் இருப்பது டர்பார்ச் சடங்கு அன்று. அதன் பின் நடந்த படை அணிவகுப்பு. இரு நிறமும் ஒரே கணத்திற் பதியாமையின், விரைந்தோடும் குதிரைகளின் கால்களைச் சுற்றிச் செம்மையும் பசுமையுமான கரைகள் ஒட்டிக் கிடக்கும். பிற்காலத்தார் குறையெனக் கூறும் இக்கரைகளே படை எவ்வளவு விரைவாகச் சென்றது என்பதை இன்றும் காட்டி நிற்கின்றன. அணிவகுத்துச் சென்ற இந்தியச் சிப்பாய்கள் பலர் மூன்றாண்டுகளின் பின் பிரான்சின் சேற்றில் நிற்கப் போகின்றனர் என்பதைப் படம் பிடித்தோனும் அறியான், அவர்களும் அறியார்.

இவ்விடத்துத் தமிழர் ஒருவரைக் குறிப்பிடல் தகும். அதே 1911 இல் இலண்டனில் நடந்த ஐந்தாம் ஜோர்ஜின் முடிசூட்டு விழாவுக்குச் சென்ற தஞ்சைப் பகுதி நிலவுடைமையாளர் மருதமுத்து மூப்பனார் அங்குக் கண்டதைப் படம் பிடித்துச் சென்னையிற் காட்டினார் என்பர் தமிழ்த் திரைப்பட வரலாற்றாசிரியர். காட்டப்படும் பொருளாகவே இருந்தோருள் ஒருவர் கருவியின் பின்னே சென்று நின்றமை சிறிய செய்தியன்று. எனினும் அவரும் மன்னரையே படம் பிடித்தார்.

பத்தாண்டுகளின் பின் நிலைமை மாறிற்று. 1921 நவம்பர் 17 இல் வேல்சு இளவரசர் பம்பாயிற் கரையிறங்கிய அன்றே நகரில் ஹர்த்தாலும் கலவரமும் மூண்டன. 1922 சனவரியில் அவர் சென்னைக்கு வந்தபோதும் கடையடைப்பும் குழப்பமும் நிகழ்ந்தன. அப்பயணத்தைப் பற்றிய படங்களிற் பந்தல்களும் யானைகளும் போலோ விளையாட்டும் வரிசையாக வருகின்றன. இத்தகைய படங்களிற் கூட்டத்தை நோக்குதல் வேண்டும், இளவரசரை அன்று. கூட்டம் எவ்விடத்தில் அடர்த்தி, எவ்விடத்தில் ஐது, எவர் தலைப்பாகையோடு நிற்பவர், எவர் பொலிசாரின் தடிக்குப் பின்னால் நிற்பவர், எவர் பவனியை விடுத்துக் கமராவை நோக்குபவர் என்றிவை படம் பிடித்தோன் கருதாமலே பதிந்தவை. கருதிப் பதித்ததை விடக் கருதாமற் பதிந்தது வரலாற்று மாணவனுக்குப் பெரிதும் உதவும்.

இலங்கையில் அரசமுறை விருந்தினருக்கென்று சடங்குகளே காலம் பெயர்க்கப்பட்டதுண்டு. கண்டிப் பெரஹரா ஆடி, ஆவணி மாதங்களுக்குரியது. 1875 டிசம்பரில் வேல்சு இளவரசருக்காகவும், 1954 ஏப்ரலில் இரண்டாம் எலிசபெத் மகாராணிக்காகவும் அது பருவமல்லாப் பருவத்தில் வீதியுலா வந்தது. முன்னதற்குக் கமரா இல்லை. பின்னதற்குச் செய்திப்படக் கம்பனிகள் வந்திருந்தன. பிந்திய படத்தை மட்டும் காண்போர் பெரஹரா சித்திரையில் நடப்பதென்றே எண்ணுவர்.

அந்த 1954 ஆம் ஆண்டு வருகை கூர்ந்து நோக்கத்தக்கது. ஏப்ரல் 10 இல் ‘கோதிக்’ என்னும் கப்பலிற் கொழும்புத் துறைமுகத்தை வந்தடைந்த மகாராணி, 12 இல் தம் முடிசூட்டு ஆடையோடு பாராளுமன்றத்தைத் திறந்து வைத்தார். அவ்வாடையில் இலங்கைக்கெனத் தாமரை பின்னப்பட்டிருந்தது. 20 இல் பேராதனைப் பல்கலைக்கழகத்தின் முறையான திறப்பு விழா அவர் முன்னிலையில் நிகழ்ந்தது. செய்திப்படங்களில் யாவும் ஒழுங்கு; துறைமுகம் முழுவதும் கொடிகள். அதே துறைமுகத்தில், எட்டு மாதங்களுக்கு முன், 1953 ஓகஸ்ட் 12 இல், அரிசி விலையேற்றத்தை எதிர்த்து மூண்ட ஹர்த்தாலின்போது இலங்கை அமைச்சரவை ‘நியூபவுண்லாந்து’ என்னும் பிரித்தானியப் போர்க்கப்பலில் ஏறியிருந்து கூட்டம் நடத்தியது. துப்பாக்கிச் சூட்டில் மக்கள் மாண்டனர். பிரதமர் டட்லி சேனநாயக்கா ஒக்டோபரிற் பதவி துறந்தார். மகாராணியை வரவேற்றுப் படத்தில் நிற்பவர் சேர் ஜோன் கொத்தலாவலை. முன்னவர் ஏன் இல்லை என்பதைப் படம் சொல்லாது. ஹர்த்தாலை அறிந்தோன் அப்படத்தைக் காணும்போது கொடிகளின் மிகுதியே அவனுக்கு ஐயத்தை எழுப்பும்.

அப்பயணத்தில் யாழ்ப்பாணம் இடம்பெறவில்லை. கொழும்பு, பொலனறுவை, கண்டி என அரச விருந்தினர் செல்லும் வழி பெரும்பாலும் அவ்வாறே அமைந்தது. பழைய தலைநகரங்களும் மலைநாட்டுத் தேயிலையும் படத்துக்கு ஏற்றவை. பனங்கூடலும் செம்மண் தோட்டமும் அவ்வாறு கருதப்படவில்லை போலும். பண்டத்தரிப்பைப் பொறுத்தவரை, 1820 இல் அமெரிக்க மிசனைச் சேர்ந்த மருத்துவர் ஜோன் ஸ்கடர் வந்து தங்கி வைத்தியம் செய்த ஊரென்று உலக மருத்துவ மிசன் வரலாற்றில் அதற்கு முதன்மையான இடமுண்டு. அரச பவனிப் படங்களின் வழியோ அவ்வூரைத் தொட்டதில்லை. இது குறையன்று என்று வாதிடுவோரும் இருத்தல் கூடும். எனினும் நாட்டின் பொது நினைவு பெரிதும் படங்களால் ஆக்கப்படும் காலத்தில், படமற்ற ஊர் நாட்டின் கதையிலும் ஓரத்துக்குத் தள்ளப்படுகிறது.

யாழ்ப்பாணம் அத்தகைய படத்தின் நடுவே வந்த நாளும் ஒன்றுண்டு. 1995 டிசம்பர் 5 இல் யாழ்ப்பாண நகரில் இலங்கை இராணுவம் தேசியக் கொடியை ஏற்றியது. பிரதிப் பாதுகாப்பமைச்சர் கொடியேற்றும் காட்சி தொலைக்காட்சியில் நாடெங்கும் காட்டப்பட்டது. வெற்றியை அறிவிக்கும் ஏடொன்று பண்டைய அரசர் காலத்துப் பாணியிற் சுருளாகச் செய்யப்பட்டு சனாதிபதியிடம் கையளிக்கப்பட்டது. அணிவகுப்பு, கொடி, வணக்கம், ஏடு என நூறாண்டுக்கு முந்திய படங்களில் இருந்தவை யாவும் அதிலும் இருந்தன. வைரவிழாப் படத்திலும் டர்பார்ப் படத்திலும் இருந்த ஒன்று மட்டும் இல்லை: வீதியோரத்துக் கூட்டம். அக்கூட்டமாக நின்றிருக்க வேண்டியோர், ஒக்டோபர் 30 ஆம் நாள் மாலையும் இரவும் மழையில் நாவற்குழிப் பாலத்தைக் கடந்து தென்மராட்சிக்கும் அப்பாலும் சென்றுவிட்டனர். பண்டத்தரிப்பு உட்பட வலிகாமம் முழுவதும் அன்று பெரும்பாலும் ஆளற்றுக் கிடந்தது. கொடியேறியதைக் கொழும்பிலிருந்தோர் தொலைக்காட்சியிற் கண்டனர். பண்டத்தரிப்பார் அவ்வேளை சாவகச்சேரி, கொடிகாமப் பகுதிப் பாடசாலைகளிலும் கோயில் மண்டபங்களிலும் மர நிழல்களிலும் அடுப்பு மூட்டிக் கொண்டிருந்தனர். அடுத்த ஆண்டு ஏப்ரல், மே மாதங்களிலேயே அவர்கள் ஊர் திரும்பலாயினர்.